ஆற்றோடு போன எலைஜா

வந்த வேலை முடிந்த பிறகும் ஒருத்தி ஊரைவிட்டுப் போகாமல் இருந்தால், அவள் வந்த வேலை அது இல்லை என்றுதானே அர்த்தம்?

ஓசெல்லாவுக்கு இந்த யோசனை வியாழக்கிழமை காலை ஏழாவது நண்டை உடைக்கும்போது வந்தது. அதற்கப்புறம் கை மட்டும்தான் நண்டில் இருந்தது. ஓட்டைப் பெயர்த்து, செவுளைக் கிள்ளி எறிந்து, உடம்பை இரண்டாக ஒடித்து, முதுகுச் சதையை உடையாமல் உருவுகிற வேலை. நாற்பது வருஷமாகச் செய்கிற கைக்குக் கண் தேவையில்லை. கண்ணெல்லாம் பின்னறை ஜன்னலில் இருந்தது. அந்த அறையில்தான் வினெட் ஓடம் தங்கியிருந்தாள்.

"ஏலே ஆமை, அவ எப்ப போறாளாம்?"

தம்பி முற்றத்தில் உட்கார்ந்து நண்டுக்கூண்டின் கிழிந்த கம்பிவலையை முறுக்கிக்கொண்டிருந்தான். அவனுக்கு ஐம்பத்துநான்கு வயது. வில்மட் என்று அவனுக்கு ஒரு பேர் இருப்பது தீவில் பாதிச் சனத்துக்குத் தெரியாது. பிறந்த குழந்தையைக் கூடையில் போட்டு ஆட்டும்போதே ஒரு பேர் வைத்துவிடுவார்கள். சாகிறவரை அதுதான் புழங்கும். காகிதத்தில் இருக்கிற பேர் ஞானஸ்நானத்துக்கும் சாவுக்கும் மட்டும். ஓசெல்லா எல்லோருக்கும் சிட்டு. அவன் ஆமை. நடப்பதைப் பார்த்தால் ஏனென்று யாரும் கேட்கமாட்டார்கள்.

"போகட்டுமே. ஒன் சோத்துலயா மண்ணள்ளிப் போட்டா? நல்லாத்தான சாப்புடுறா."

"அதத்தான் கேக்கேன். திங்கக்கெழமை வந்தா. அன்னைக்கே கேமராவ வச்சு எல்லாத்தையும் கேட்டா. நானும் சொல்லிட்டேன். இன்னும் என்னத்துக்கு உக்காந்திருக்கா?"

"படம் புடிக்கிறவங்க அப்படித்தான். மேகத்த எடுக்கணும், தண்ணிய எடுக்கணும்பாங்க."

"நேத்து என்ன கேட்டா தெரியுமா? 'அக்கா, உங்க கூடைப் பேரெல்லாம் நல்லாயிருக்கு, காகிதப் பேரு என்ன?'ன்னா. ஒன் பேரக் கேட்டா. அம்மா பேரக் கேட்டா. எம் மகன் எந்த ஊர்ல இருக்கான்னு கேட்டா. படத்துக்கு எதுக்குலே ஊரு?"

ஆமை முறுக்குவதை நிறுத்தினான். இது அவனுக்கும் உறைத்தது.

கறுப்பு ஜனங்கள் பரம்பரையாக இருக்கிற அந்தத் தீவில் யாரிடம் உயில் இருந்தது? நிலம் தாத்தாவுடையது, அவர் போனால் ரத்தத்தில் வந்த எல்லோருடையது, பிரிக்காமல் அப்படியே கிடக்கும். நியூயார்க்கில் பஸ் ஓட்டுகிறவனுக்கும் அதில் ஒரு பங்கு உண்டு. அவனைத் தேடிப்பிடித்து அந்தப் பங்கை ஒரு கம்பெனி வாங்கிவிட்டால் போதும். 'நானும் ஒரு பங்காளி, மொத்தத்தையும் ஏலம் விட்டுப் பிரித்துக் கொடு' என்று கோர்ட்டில் நிற்கும். ஏலத்தில் யார் எடுப்பார்கள் என்பது எல்லோருக்கும் தெரியும். தீவின் கிழக்குப் பாதி இப்படித்தான் கோல்ஃப் மைதானமாயிற்று. மூன்று குடும்பம் மூட்டை கட்டியது. அதனால் காகிதப் பேரையும் ஊரையும் அந்நியரிடம் சொல்வதில்லை என்று தீவில் யாரும் சட்டம் போடாமலே ஒரு கட்டுப்பாடு இருந்தது. ஓசெல்லாவின் பதினெட்டு ஏக்கர் மைதானத்தின் வேலியை ஒட்டி இருக்கிறது. கம்பெனி வேலிக்கு இந்தப் பக்கம் ஐந்து வருஷமாகக் கண் வைத்திருக்கிறது.

"ஒண்ணு சொல்லுதேன், கோவப்படாத" என்றான் ஆமை. "செவ்வாக்கெழம கோழிக்கழுத்து வாங்கக் கடைக்குப் போனேன்ல, கூண்டுல எரைக்கு. அப்ப அவ தபாலாபீசு வாசல்ல நின்னா. கையில நீளக் கவரு. பெட்டிக்கிட்ட போனா, நின்னா, திரும்பி வந்துட்டா. நேத்தும் அதே மாதிரி நின்னா."

"ரெண்டு நாளா வச்சிருந்து இப்பச் சொல்லுத!"

"நீ கேக்கலியே."

"ஒனக்கு ஆமைன்னு பேர் வச்சவளுக்குக் கோயில் கட்டணும்."

பின்கதவு திறந்தது. வினெட் வந்தாள். நாற்பத்துநான்கு வயது, ஒட்ட வெட்டிய முடி, கறுப்புத்தோல் வெயிலில் மினுங்கியது. தோளில் கேமராப் பை. இவர்கள் நிறம்தான், இவர்கள் ஜாடைதான். அதில்தான் ஓசெல்லாவுக்குக் கூடுதல் பயம். வெள்ளைக்காரன் வந்தால் தெருமுனையிலேயே தெரிந்துவிடும்.

"என்ன அக்கா, என்னப் பத்தித்தான பேசிட்டிருந்தீங்க?" என்று சிரித்தாள்.

"உங்களப் பத்தி எங்களுக்கு என்ன தெரியும், பேசுறதுக்கு? உக்காருங்க. சோளக்கஞ்சி இருக்கு, எறாக் கொழம்பு இருக்கு."

வினெட் கஞ்சியை வாங்கிக்கொண்டு நண்டுச் சட்டி பக்கத்தில் உட்கார்ந்தாள். ஒரு நண்டை எடுத்து உடைத்துப் பார்த்தாள். சதை நாராகக் கிழிந்தது.

"எறிஞ்சிராதீங்க, பூனைக்கு ஆகும்" என்றாள் ஓசெல்லா.

திங்கட்கிழமை பாதிரியார்தான் அவளைக் கூட்டிக்கொண்டு வந்து விட்டார். ஊர் ஊராகப் போய், அந்தக் காலத்தில் கொல்லப்பட்ட கறுப்பு ஜனங்களைப் பற்றியும், கோர்ட்டுக்கே போகாத அந்தக் கொலைகளால் யார் வீட்டு நிலம் யார் கைக்குப் போயிற்று என்பதைப் பற்றியும் டாக்குமெண்டரி எடுக்கிறாளாம். தீவில் எலைஜா மங்கின் என்று ஒருவர் 1934-இல் செத்தாராமே, அவர் உங்கள் தாத்தா ஏப்ரமின் தம்பிதானே என்று கேட்டாள். ஓசெல்லா கேமராவுக்கு முன்னால் கையை மடியில் வைத்துக்கொண்டு சொன்னாள்: "சின்னத் தாத்தா எலைஜா குடிச்சிருந்தார். படகுல இருந்து விழுந்தார். ஆத்துல முங்கிச் செத்தார். எங்க தாத்தா பாத்தார்." அவ்வளவுதான். அவள் அம்மா சொல்லித் தந்தது அவ்வளவுதான். அம்மா சாகிற வாரம் வேறு ஒன்றும் சொன்னாள். அதை ஓசெல்லா யாருக்கும் சொல்லவில்லை, தம்பிக்குக்கூட.

"நாளைக்கு அண்ணன்கூடப் படகுல போகலாமா? கூண்டு தூக்குறத எடுக்கணும்" என்றாள் வினெட்.

ஓசெல்லா தம்பியைப் பார்த்தாள். ஒரு நொடிதான்.

"தாராளமா போங்க. நல்லா சுத்திக் காட்டுலே. அவசரமில்ல."

வெள்ளிக்கிழமை காலை நீர் ஏற்றத்தில் படகு போயிற்று. செப்டம்பர் வெயில் காலையிலேயே ஈரத்துணி போலப் போர்த்திக்கொள்ளும். காற்று அசையவில்லை. கண்ணுக்குத் தெரியாத சிறு பூச்சிகள் காதோரம் கடித்தன. மோட்டார் சத்தம் வளைவைத் தாண்டும்வரை ஓசெல்லா துணி உதறிக்கொண்டு நின்றாள். பிறகு உள்ளே போய்ப் பின்னறைக் கதவைத் திறந்தாள்.

அடுத்தவள் பையில் கை வைப்பது இதுதான் முதல் தடவை. அம்மா இருந்திருந்தால் விரலை ஒடித்திருப்பாள். துணிகள், டேப்புகள், ஒரு பைபிள், வேர்க்கடலைப் பொட்டலம். அடியில் நீளக் கவர். ஒட்டவில்லை.

முதல் தாளின் தலையில் கோல்ஃப் கம்பெனியின் பேர்.

கட்டிலில் உட்கார்ந்து படித்தாள். இந்தத் தீவில் இருக்கிற பதினெட்டு ஏக்கரில் எலைஜா மங்கினின் வாரிசுக்கு உரிய பாதிப் பங்கைக் கம்பெனிக்கு விற்கச் சம்மதம். கீழே நடுங்கின, ஆனால் தெளிவான கையெழுத்து: லவீனியா பெக்வித், சிகாகோ.

கையெழுத்துப் போட்டாயிற்று. தபாலில் போடுவதுதான் பாக்கி.

பின்னால் ஒரு நகல் இணைத்திருந்தது. கம்பெனிக்கு லவீனியாவின் பேர் எங்கிருந்து கிடைத்தது என்பதற்கு அத்தாட்சி. ஓசெல்லாவுக்கு அதைப் படிக்கத் தேவையிருக்கவில்லை. அதை எழுதியவளே அவள்தான். அம்மாவின் அடக்க ஆராதனையில் கொடுத்த அச்சுத்தாள்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் அம்மா படுக்கையில் கிடந்தபோது ஒன்றே ஒன்று கேட்டாள். "தாள்ல எங்க சித்தப்பா மக லவீனியா பேரப் போடு. காகிதப் பேரையே போடு. சிகாகோன்னு போடு. எங்கூடப் பொறந்த மாதிரி அவ." அம்மாவிடம் லவீனியாவின் விலாசம் இருந்தது என்பதே அப்போதுதான் தெரிந்தது. வருஷா வருஷம் கிறிஸ்துமஸுக்கு ஒரு அட்டை போட்டுவந்திருக்கிறாள். சாகிறவள் கேட்டதை எப்படி மறுப்பது? சாவுத்தாளில் கூடைப் பேர் போட்டால் மரியாதையும் இல்லை. ஓசெல்லா போட்டாள். லவீனியா பேரோடு தன் பேர், தம்பி பேர், மகன் பேர், ஊர் எல்லாம் போட்டாள். நல்ல தாளில், அம்மா படத்தோடு, முந்நூறு பிரதி.

அடக்கத்துக்குச் சாம்பல்நிறக் கோட்டுப் போட்ட ஒருவன் வந்திருந்தான். பின்வரிசையில் உட்கார்ந்து தாளால் விசிறிக்கொண்டான். பிறகு சர்ச்சுக் கூடத்தில் சிவப்புச் சோறும் பொரித்த மீனும் சாப்பிட்டான், இரண்டாம் தரமும் வாங்கினான். போகும்போது, "தாள் ரொம்ப அழகா இருக்கும்மா, எங்கம்மாவுக்குக் காட்டணும், இன்னொண்ணு கிடைக்குமா?" என்றான். யாரோ தூரத்துச் சொந்தம் என்று நினைத்தாள். இந்தக் கையால்தான் இரண்டு தாள் எடுத்துக் கொடுத்தாள். ஒரு துண்டு சர்க்கரைவள்ளிக்கிழங்குப் பலகாரமும் கட்டிக் கொடுத்தாள்.

நாலு நாளாக வந்தவளைச் சந்தேகப்பட்டாள். வாயை மூடிக்கொண்டு கூடைப் பேரில் ஒளிந்துகொண்டாள். வாசலைத் திறந்துவிட்டது அவளேதான்.

படகு திரும்பியபோது நடுப்பகல். ஆமை இரண்டு கூடை நண்டோடு வந்தான். பின்னால் வினெட், சேறு முழங்கால்வரை. ஓசெல்லா சாப்பாட்டு மேசையில் கவரை நடுவில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"உக்காரு" என்றாள். நேற்றுவரை 'உட்காருங்க'.

வினெட் கவரைப் பார்த்தாள். முகம் மாறியது.

"என் பையத் தொறந்தீங்களா?"

"தொறந்தேன். என் வீட்டுக்குள்ள இருக்கிறது எதையும் தொறப்பேன். லவீனியா பெக்வித் ஒனக்கு யாரு?"

"எங்கம்மா."

ஆமை கையிலிருந்த கூடையைத் தரையில் வைக்காமல் அப்படியே நின்றான். ஒரு நண்டு விளிம்பில் ஏறி எட்டிப்பார்த்தது.

"அப்ப நீ எலைஜா சின்னத் தாத்தா பேத்தி" என்றாள் ஓசெல்லா. "நாலு நாளு எங்க கஞ்சியக் குடிச்சே. ரத்த சொந்தம்னு ஒரு வார்த்த சொல்லல. சொல்லுவியா? வித்துட்டுல்ல வந்திருக்கே!"

"விக்கல."

"கையெழுத்து இருக்கு."

"தபால்ல போடல." வினெட் நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள். சேறு காய்ந்து உதிர்ந்தது. "நான் சொல்றதக் கேளுங்க. அப்புறம் வெளிய போன்னா போயிடறேன். மே மாசம் இந்தக் கடுதாசி வந்துச்சு. எங்கம்மாவுக்கு ஒரு தீவுல நெலம் இருக்குன்னு எனக்கு அன்னைக்குத்தான் தெரியும். எங்கம்மா இந்த ஊர்ப் பேர வாயில சொன்னதே இல்ல. எங்க பொறந்தீங்கன்னு கேட்டா 'தெக்க'ம்பாங்க. அவ்ளோதான். கடுதாசியப் படிச்சாங்க, பேனாவ எடுத்தாங்க, கையெழுத்துப் போட்டாங்க. போட்டுட்டு என் கையில குடுத்தாங்க. 'ஊர்ல செத்தவங்களுக்கெல்லாம் படம் எடுக்கிறியே, இங்கயும் போ. எங்கப்பா எப்படிச் செத்தார்னு கேளு. இன்னும் முங்கிச் செத்தார்னு சொன்னாங்கன்னா, அங்க இருக்கிற தபால்பெட்டியிலயே இதப் போட்டுட்டு வா'ன்னாங்க."

அடுப்பில் வெண்டைக்காய்க் குழம்பு கொதித்துக்கொண்டிருந்தது.

"நான் திங்கக்கெழமையே சொல்லிட்டேனே" என்றாள் ஓசெல்லா. குரல் கீழே போயிருந்தது.

"சொல்லிட்டீங்க. டேப்புல இருக்கு."

"அப்ப ஏன் போடல?"

"ரெண்டு தடவ பெட்டிவரைக்கும் போனேன். கை வரல. நீங்க சொன்ன விதம் அப்படி. பிள்ளைங்க வசனம் ஒப்பிக்கிற மாதிரி சொன்னீங்க. நான் எழுபது எண்பது வீட்ல இதக் கேட்டிருக்கேன் அக்கா. நெஜமா முங்கிச் செத்தவரப் பத்திப் பேசுறவங்க அப்படிப் பேச மாட்டாங்க. எந்த வளைவு, யாரு தூக்கினா, அன்னைக்கு என்ன சமைச்சோம், எல்லாம் வரும். உங்களுக்கு நாலு வாக்கியத்துக்கு மேல வரல. அதனால காத்திருந்தேன். நீங்களா சொல்லுவீங்களான்னு."

"மொதல்லயே யாருன்னு சொல்லியிருந்தா..."

"சொல்லியிருந்தா நெலத்துக்குப் பயந்து சொல்லியிருப்பீங்க."

ஓசெல்லாவுக்குத் தன் நிலைமை அப்போதுதான் முழுதாகப் புரிந்தது. பையைத் திறக்காமல் இருந்து, நாளைக்கோ மறுநாளோ தானாக வாயைத் திறந்திருந்தால் அது வேறு.

"இப்ப நான் உண்மையச் சொன்னா," என்றாள் மெல்ல, "நெலத்துக்காகச் சொல்லுதேன்னுதான நெனப்பே?"

"ஆமா. அப்படித்தான் நெனப்பேன்."

"அப்பச் சொல்லாத அக்கா!" ஆமை கூடையைத் தொப்பென்று வைத்தான். "சொன்னாலும் நம்ப மாட்டா, சொல்லலேன்னாலும் போட்டுருவா. அப்புறம் எதுக்கு தாத்தா பேரச் சந்தி சிரிக்க வைக்கணும்? கேமராவப் பாரு, வாயப் பொளந்துட்டு கெடக்கு. நம்மள மாட்டிவிட வந்திருக்கா இவ."

"நீ கை கழுவிட்டு வா. நாறுது" என்றாள் அக்கா.

எழுந்துபோய்க் குழம்பைக் கிளறினாள். உப்புப் பார்த்தாள். இன்னும் கொஞ்சம் போட்டாள். தீயை அணைத்தாள். கையை மேலாடையில் துடைத்துக்கொண்டு திரும்பி வந்து, திங்கட்கிழமை உட்கார்ந்த அதே நாற்காலியில் உட்கார்ந்தாள்.

"கேமராவப் போடு."

"அக்கா!" என்றான் ஆமை.

"நீ உக்காரு. ஒனக்கும் தெரியாதது இருக்கு."

வினெட் கேமராவைத் தூக்கி நிறுத்தினாள். சிவப்பு விளக்கு எரிந்தது.

"என் பேரு ஓசெல்லா கிரீன். எங்கம்மா ரூத். தாத்தா பேரு ஏப்ரம் மங்கின். அவருக்குத் தம்பி எலைஜா. சின்னத் தாத்தா சொட்டுக் குடிக்க மாட்டார். நடக்கப் பழகுறதுக்கு முன்னால நீந்தப் பழகினவர்.

"அவுங்க ரெண்டு பேருக்கும் பொதுவா இந்த நெலமும் ஒரு படகுத்துறையும் இருந்துது. இப்ப கோல்ஃப்காரன் படகு நிறுத்துறான்ல, அந்தத் துறைதான். சிப்பிப் பேக்டரி வச்சிருந்த வெள்ளைக்காரன் அதக் கேட்டான். எங்க தாத்தா குடுத்துரலாம்னார். சின்னத் தாத்தா முடியாதுன்னுட்டு, நேரா டவுனுக்குப் போய்ப் புகார் எழுதிக் குடுத்தார். அடுத்த செவ்வாக்கெழம, நடுப்பகல்ல, மூணு பேரு வந்தாங்க. துறையிலயே அடிச்சாங்க. படகு நங்கூரத்தக் கால்ல கட்டித் தள்ளினாங்க. தோட்டத்துல நாப்பது பேரு வெண்டைக்கா பறிச்சிட்டிருந்தாங்க. நாப்பது பேரும் பாத்தாங்க. நாப்பது பேரும் குனிஞ்சு வெண்டைக்கா பறிச்சாங்க.

"மறுநாள் போலீசுக்காரன் ஒரு தாள் கொண்டுவந்தான். குடிச்சிட்டு விழுந்தான், நான் பாத்தேன்னு. கையெழுத்துப் போடு, இல்லேன்னா நங்கூரம் இன்னொண்ணு இருக்குன்னான். தாத்தாவுக்கு எழுதத் தெரியாது. கையெழுத்துக்குப் பதிலா பெருக்கல் குறி போட்டார். துறை போச்சு. துறைப்பக்கம் இருந்த தாத்தா வீடும் போச்சு. இந்தப் பக்கத்துப் பதினெட்டு ஏக்கர் நின்னுது."

மூச்சு வாங்கிக்கொண்டாள். ஆமை தலையைக் கையில் தாங்கியிருந்தான். இது அவன் கேள்விப்பட்டதுதான். தீவில் கேள்விப்படாதவர் இல்லை.

"அந்தக் குறி பயத்துல போட்டது. அத மன்னிக்கிறவங்க மன்னிக்கலாம். இத்தோட நிறுத்தினா நெலத்துக்குப் போதும். எனக்குத் தெரியும், போதும்." கேமராவை விட்டுவிட்டு வினெட்டின் முகத்தைப் பார்த்தாள். "ஆனா ரெண்டு வருஷம் கழிச்சு ஒரு கடுதாசி வந்துது. ஒங்க பாட்டி சிகாகோவுல இருந்து போட்டது. குளிர் தாங்கல, புள்ள இருமுது, எங்க வீட்டுக்கே நாங்க திரும்பி வந்துர்றோம் மச்சான்னு. அப்ப எந்தப் போலீசும் வாசல்ல நிக்கல. எந்த வெள்ளைக்காரனும் கேக்கல. தாத்தா எங்கம்மாவ உக்கார வச்சார். அவளுக்குப் பன்னெண்டு வயசு, வீட்ல எழுதத் தெரிஞ்சவ அவதான். 'இங்க உங்களுக்கு வீடு இல்ல, வராதீங்க'ன்னு எழுதச் சொன்னார். எழுதினா. எங்கம்மா கையெழுத்துல போச்சு அது. கூடவே விளையாண்ட புள்ளைக்கு."

"பொய்!" ஆமை எழுந்துவிட்டான். "அம்மாவா? அம்மா எழுதினாளா? யாரு சொன்னா ஒனக்கு?"

"அவளே சொன்னா. சாகுற வாரம். என்னத் தவிர யாருக்கும் சொல்லாதன்னு சொன்னா. இன்னைக்குச் சொல்லிட்டேன்."

"எதுக்குக்கா? எதுக்கு இவ்வளவு?"

"ஏன்னா தாத்தா வராதன்னு சொன்னதுக்குக் காரணம் இருக்குலே." ஓசெல்லா சுவரைத் தட்டினாள். பழைய பைன் பலகை, ஐந்து தடவை நீலம் பூசியது. "தாத்தா கட்டின வீடுன்னு சொல்லிச் சொல்லி வளத்தாங்க நம்மள. தாத்தா வீடுதான் துறையோட போச்சே! இது எலைஜா கட்டினது. அவரு பொண்டாட்டியும் புள்ளையும் கப்பலேறின வாரமே தாத்தா உள்ள வந்துட்டார். அவுங்க திரும்பி வந்தா நாம எங்க போறது? அதுதான் காரணம். நான் பொறந்தது, நீ பொறந்தது, இப்ப நான் உக்காந்து இவள வெளிய போன்னு சொல்ல நெனச்சது, எல்லாம் இவ தாத்தா வீட்ல."

சிவப்பு விளக்கு எரிந்துகொண்டே இருந்தது. வினெட் கேமராவுக்குப் பின்னால் இருந்து வரவில்லை. தோள் மட்டும் குலுங்கியது. மூக்கை உறிஞ்சிக்கொண்டு சொன்னாள்.

"அந்தக் கடுதாசி விஷயம் நீங்க சொல்லலேன்னா எனக்குத் தெரிஞ்சே இருக்காது."

"தெரிஞ்சிருக்காது."

"எங்கம்மாவுக்கு?"

"அவுங்களுக்குத்தான வந்துது. தெரியாமலா?"

வினெட் கேமராவை அணைத்தாள். சமையலறைச் சுவரில் இருந்த போனில் எண்களைச் சுற்றினாள்.

"அம்மா, நான்தான்... சாப்பிட்டேன்... இல்ல, போடல. இன்னும் கையிலதான் இருக்கு... இரும்மா, நான் சொன்னா சரிவராது. அவங்களே பேசுறாங்க."

ஓசெல்லா போனை வாங்கினாள்.

"லவீனியா சித்தி? நான் ரூத்து மக. சிட்டு." அந்தப் பக்கம் எங்கோ பஸ் போகிற சத்தம் கேட்டது. "சின்னத் தாத்தா முங்கல சித்தி. கொன்னாங்க. எங்க தாத்தா பொய்க்குறி போட்டார். அப்புறம் வராதன்னு எழுதச் சொன்னதும் அவருதான். எழுதினது எங்கம்மா."

பஸ் போய்விட்டது. ஒரு கிழவியின் மூச்சு மட்டும் வந்துகொண்டிருந்தது.

"தெரியும்" என்றது குரல். தீவை விட்டுப்போய் அறுபத்தொன்பது வருஷம், ஆனாலும் தீவின் இழுவை அந்த ஒரு வார்த்தையிலேயே இருந்தது. "அதே கைதான கிறிஸ்துமஸ் அட்டையும் போட்டுது. எழுத்து மாறவே இல்ல. வருஷா வருஷம் பாப்பேன், சுகமா இருக்கியா, மழை பெய்யுதா, இறா கெடைக்குதான்னு இருக்கும். ஒரு வருஷமாச்சும் அதச் சொல்லுவான்னு பாத்தேன். சொல்லல."

"சாகும்போது சொன்னா சித்தி."

"எங்கிட்டச் சொல்லலியே."

ஓசெல்லா போனை மறுகாதுக்கு மாற்றினாள்.

"நீ எங்க நிக்க?"

"சமையக்கட்டுல."

"அதுல ஒரு ஜன்னல் உண்டு, மேக்கப் பாத்து. இருக்கா?"

"இருக்கு சித்தி."

"ஆறு தெரியுதா?"

ஓசெல்லா எட்டிப்பார்த்தாள். "தெரியல. மரம் வளந்து மறைச்சிருச்சு."

"யாரு வளரவுட்டா?"

"அதுவா வளந்துது..."

"வெட்டு" என்றாள் லவீனியா. "ஏப்ரல்ல வாரேன். இங்க பனி விட்டதும். ஜன்னலத் தொறந்தா எனக்கு ஆறு தெரியணும்."

டொக்கென்று வைத்துவிட்டாள்.

ஓசெல்லா போனைப் பார்த்தாள். அப்புறம் மாட்டினாள்.

"என்ன சொன்னாங்க?" என்றாள் வினெட்.

"ஏப்ரல்ல வாராங்களாம், அதுக்குள்ள ஜன்னல மறைக்கிற மரத்த வெட்டணுமாம். இன்னும் வாசப்படி மிதிக்கல, அதுக்குள்ள வீட்டுக்காரி அதிகாரம்." மேசையில் கவர் கிடந்தது. வினெட் அதை எடுத்து மடித்தாள், கிழிக்கவில்லை. ஓசெல்லா அந்தக் கையையே பார்த்தாள். "அத என்ன செய்யப் போறே?"

"அம்மாகிட்டத் திருப்பிக் குடுப்பேன். கையெழுத்து அவங்களோடது. கிழிச்சா அவங்கதான் கிழிக்கணும்."

"கிழிக்காட்டி?"

"அத நீங்க ஏப்ரல்ல அவங்களையே கேளுங்க."

நியாயமான பதில்தான். நியாயமான பதில் சொல்கிறவர்களை ஓசெல்லா அவ்வளவு சுலபத்தில் நம்பிவிடுவதில்லை. மூன்று தட்டு எடுத்து வைத்தாள். சோறு போட்டாள், வெண்டைக்காயும் நண்டும் போட்ட குழம்பை ஊற்றினாள், வினெட் தட்டில் கொஞ்சம் கூடுதலாகவே. பிறகு தம்பி பக்கம் திரும்பினாள். அவன் இன்னும் சுவர்ப் பலகையையே வெறித்துக்கொண்டிருந்தான்.

"ஏலே ஆமை, சாப்புட்டுட்டு ரம்பத்த எடு."

"இன்னைக்கேவா? ஏப்ரலுக்கு இன்னும் ஏழு மாசம் கெடக்கு அக்கா."

"ஏழு மாசம் சும்மா இருந்தா சித்திக்கு மனசு மாறிரும். எடு."